பீன்ஸும் சிவக்க வதக்கிய வெங்காயமும்: எங்கே தவறு செய்கிறேன்?

பன்னேர்கட்டா_ரோடு · சனி, இரவு 9.10

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமான பதிவு. வெங்காயத்தைத் தீய விடாமல், ஆனால் நன்றாகச் சிவந்து சுருண்டு தித்திப்பு ஏறும் வரை வதக்கி, அதைப் பச்சைக் காயோடு சேர்த்துக் கறி செய்ய வேண்டும். காயும் பச்சையாகவே இருக்க வேண்டும். எனக்கு இரண்டுமே வரவில்லை.

அலுவலகத்தில் தோழி ஒருத்தி மதியச் சாப்பாட்டுக்குப் பீன்ஸ் கொண்டுவந்திருந்தாள். தேங்காய் கிடையாது, பருப்பு கிடையாது, பொடி எதுவும் கிடையாது. பச்சைப் பசேலென்று பீன்ஸ், அதன் மேல் புளி நிறத்தில் நூல் நூலாக வெங்காயம், கொஞ்சம் மிளகு. ருசி பார் என்று ஒரு வாய் கொடுத்தாள், நான் பாதி டப்பாவைக் காலி செய்துவிட்டேன். எப்படிச் செய்தாய் என்று கேட்டால் "வெங்காயத்தை நல்லா வதக்கணும், அவ்வளவுதான்" என்கிறாள். அந்த "நல்லா"வுக்குள்தான் எல்லாமே இருக்கிறது போல.

இன்று நானே செய்து பார்த்தேன். ஹாப்காம்ஸ் கடையில் அரைக் கிலோ பீன்ஸ், வீட்டில் இருந்த 3 பெரிய வெங்காயம். ஒரு காணொளியில் 10 நிமிடத்தில் பொன்னிறமாகிவிடும் என்று சொன்னார்கள். 10 நிமிடத்தில் என் வெங்காயம் கண்ணாடி மாதிரி ஆனதோடு சரி. தீயைக் கூட்டினேன், ஓரமெல்லாம் கறுத்தது, நடுவில் வெள்ளையாகவே இருந்தது. அதிலேயே பீன்ஸைக் கொட்டி, தண்ணீர் தெளித்து, மூடி போட்டு 15 நிமிடம் வைத்தேன். திறந்து பார்த்தால் பீன்ஸ் காக்கிச் சட்டை நிறம், வெங்காயம் கொழகொழவென்று, வாயில் வைத்தால் கசப்பு. வீட்டில் யாரும் இரண்டாம் முறை போட்டுக்கொள்ளவில்லை.

கேஸ் அடுப்பு, அம்மா கொடுத்த இரும்பு வாணலி, கடலை எண்ணெய். என்னிடம் இருப்பது இதுதான். தெரிந்தவர்கள் ஒவ்வொரு படியாகச் சொல்லுங்கள், நாளை மறுபடி செய்யப் போகிறேன்.

அல்சூர்_மெஸ் · சனி, இரவு 9.48

சகோதரி, 10 நிமிடத்தில் வெங்காயம் சிவக்காது. அல்சூர் மார்க்கெட் பக்கம் 20 வருடமாக மெஸ் நடத்துகிறேன், ஒரு நாளும் சிவந்ததில்லை. 3, 4 வெங்காயத்துக்கு 40 நிமிடம் ஒதுக்குங்கள். அவசரம் என்றால் 30. அதற்கும் கீழே போனால் ஓரம் கருகும், நடு வேகாது, இன்று உங்களுக்கு நடந்தது அதுதான்.

அதைவிடப் பெரிய தப்பு, இரண்டையும் ஒரே சட்டியில் போட்டது. வெங்காயத்துக்குச் சின்னத் தீ, நிறைய நேரம். பீன்ஸுக்குப் பெரிய தீ, கொஞ்ச நேரம். ஒன்றுக்கு நல்லது இன்னொன்றுக்குக் கேடு. தனித்தனியாக முடித்துவிட்டுக் கடைசி 2 நிமிடம் மட்டும் சேருங்கள்.

வெங்காயத்தை வேர்ப் பக்கத்திலிருந்து நுனிப் பக்கமாக நீளவாக்கில் அரியுங்கள், தீக்குச்சியைவிடக் கொஞ்சம் கனமாக இருக்கட்டும், ஆனால் எல்லாம் ஒரே கனமாக இருக்க வேண்டும், ஒன்று மெல்லிசு ஒன்று தடிப்பு என்றால் மெல்லிசு கருகிவிட்டுத்தான் தடிப்பு வதங்கும். குறுக்கே வட்டமாக அரிந்தால் சீக்கிரம் குழைந்து மசியும், குழம்புக்கு அது சரி, இதற்குச் சரியில்லை. 3 டேபிள்ஸ்பூன் எண்ணெய், வெங்காயம், அரை டீஸ்பூன் உப்பு. மூடி போட்டு நடுத்தரத் தீயில் 10 நிமிடம். வெங்காயம் தண்ணீர் விட்டுப் படிந்துவிடும். மூடியை எடுங்கள், தீயைக் குறையுங்கள், இனிமேல் மூடவே கூடாது. 3, 4 நிமிடத்துக்கு ஒரு தடவை அடியோடு திருப்பிவிட்டால் போதும், சும்மா கிளறிக்கொண்டே இருந்தால் நிறம் ஏறாது.

20 நிமிடத்தில் வைக்கோல் நிறம் வரும். அடியில் பழுப்பாக ஒட்ட ஆரம்பிக்கும். பயந்து சட்டியை இறக்கிவிடாதீர்கள், ருசி முழுக்க அதில்தான் இருக்கிறது. 2 ஸ்பூன் தண்ணீர் தெளித்துத் தோசைத் திருப்பியால் சுரண்டுங்கள், ஒட்டியது கரைந்து வெங்காயத்திலேயே ஏறிவிடும். மறுபடி காயும், மறுபடி ஒட்டும், மறுபடி தெளியுங்கள். 3, 4 தடவை இப்படி. ஒவ்வொரு தடவையும் நிறம் ஒரு படி கூடும். கருப்பட்டி நிறத்துக்கு வந்ததும் நிறுத்திவிடுங்கள்.

காதையும் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் தண்ணீர் கொதிக்கிற சத்தம் வரும், பிறகு எண்ணெயில் பொரிகிற சத்தமாக மாறும். சத்தம் மாறியதும் அடுப்பை விட்டு நகராதீர்கள். எங்கள் மாஸ்டர் பாதி நேரம் சட்டியைப் பார்ப்பதே இல்லை, முதுகைக் காட்டிக்கொண்டு மாவு பிசைவார், சத்தம் மாறினால் திரும்புவார்.

ஒன்று சொல்ல மறந்தேன், நிறைய அரியுங்கள். உரித்த வெங்காயம் 1 கிலோ போட்டால் கடைசியில் கால் கிலோவுக்குக் கொஞ்சம் மேலேதான் தேறும். அரைக் கிலோ பீன்ஸுக்கு 4 பெரிய வெங்காயமாவது வேண்டும்.

சோதனைக்குழாய் · சனி, இரவு 10.25

மெஸ் அண்ணா அனுபவத்தில் சொன்னதற்குப் பின்னால் இருக்கும் காரணத்தை மட்டும் சொல்கிறேன். கல்லூரியில் வேதியியல் பாடம் நடத்துகிறேன், இந்த விஷயம் எனக்கு ரொம்பப் பிடித்தது.

வெங்காயத்தில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். அந்தத் தண்ணீர் இருக்கும் வரை சட்டிக்குள் சூடு கொதிநிலையைத் தாண்டாது. நம் பெங்களூர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 920 மீட்டர் உயரத்தில் இருப்பதால் இங்கே தண்ணீர் ஏறக்குறைய 97 டிகிரியிலேயே கொதித்துவிடும். ஆனால் வெங்காயம் சிவப்பதற்கு அதைவிட நல்ல சூடு வேண்டும். வெங்காயத்தில் இருக்கும் சர்க்கரையும் புரதத்தின் கூறுகளான அமினோ அமிலங்களும் சேர்ந்து பழுப்பாகின்றன. 1912ல் லூயி கமீல் மையார் என்ற பிரெஞ்சு வேதியியலாளர் இதை முதலில் விளக்கினார், அவர் பெயரிலேயே மையார் வினை என்கிறோம். தோசை முறுகுவதும் காப்பிக்கொட்டை வறுபடுவதும் இதே வினைதான். இது போக, சர்க்கரை தானாகவே உருகிக் கருஞ்சிவப்பாவதும் கூடவே நடக்கும், அதற்கு இன்னும் கூடுதல் சூடு தேவை. பழச்சர்க்கரைக்கு 110 டிகிரி அளவில், சாதாரணச் சர்க்கரைக்கு 160 அளவில்.

ஆக 40 நிமிடத்தில் பெரும்பகுதி தண்ணீரை வெளியேற்றத்தான் போகிறது. தீயைக் கூட்டினால் சட்டியைத் தொடும் ஓரத்தில் மட்டும் தண்ணீர் போய் அது கருகிவிடும், உள்ளே தண்ணீர் அப்படியே நிற்கும். உப்பை முதலிலேயே போடச் சொன்னதும் இதற்குத்தான், உப்பு தண்ணீரை வெளியே இழுத்துவிடும்.

அடுத்து பீன்ஸ். பச்சை நிறத்துக்குக் காரணமான பச்சையத்தின் நடுவில் ஒரு மக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கிறது. சூடும் புளிப்பும் சேர்ந்தால் அது கழன்றுவிடும், பச்சை போய்க் காக்கி வரும். காய் வேகும்போது அதிலிருந்தே அமிலங்கள் ஆவியாக வெளியேறும். மூடி போட்டால் அந்த ஆவி குளிர்ந்து திரும்பவும் காயின் மேலேயே சொட்டும். 15 நிமிடம் மூடி வைத்தீர்கள், நிறம் போகாமல் என்ன செய்யும்? திறந்த பாத்திரத்தில், நிறைய கொதிநீரில், 5 நிமிடத்துக்குள் முடித்துவிடுங்கள்.

பிஜி_வாசி · சனி, இரவு 11.02

அக்கா, நானும் இதில் அடிபட்டவன், ஆனால் எனக்குப் பிரச்சினை வேறு. மாரத்தஹள்ளியில் பிஜியில் (பேயிங் கெஸ்ட் விடுதியில்) இருக்கிறேன், சின்ன இண்டக்‌ஷன் அடுப்பு மட்டும்தான். தீயைக் குறைத்து வைத்தால் அது மெதுவாக எரியாது, எரிந்து எரிந்து அணையும். நடுவில் ஒரு வட்டம் மட்டும் கறுக்கும், ஓரத்தில் இருப்பது வேகவே வேகாது. இதற்கு ஏதாவது வழி உண்டா? அப்புறம் ஒரு சிட்டிகை சோடா உப்புப் போட்டால் 15 நிமிடத்தில் சிவந்துவிடும் என்று நண்பன் சொல்கிறான். உண்மையா?

அல்சூர்_மெஸ் · சனி, இரவு 11.20

தம்பி, அடி கனமான சட்டி வாங்கு. இண்டக்‌ஷனில் நிற்கும் வார்ப்பிரும்புத் தோசைக்கல் இருந்தால் அதிலேயே கூடச் செய்யலாம். கனமான இரும்பு சூட்டைப் பிடித்து வைத்துக்கொள்ளும், அடுப்பு அணைந்து எரிவது வெங்காயத்துக்குத் தெரியாது. மெல்லிசான நான்ஸ்டிக் வேண்டாம், அதில் அடி ஒட்டாது, அடி ஒட்டவில்லை என்றால் சுரண்டி எடுக்க ஒன்றும் இருக்காது. ஓரத்தில் இருப்பதை நடுவுக்குத் தள்ளு, நடுவில் இருப்பதை ஓரத்துக்குத் தள்ளு, அவ்வளவுதான்.

சோதனைக்குழாய் · ஞாயிறு, காலை 7.15

சோடா உப்பு பற்றி: நிறம் சீக்கிரம் ஏறும் என்பது உண்மை. காரத்தன்மை கூடினால் மையார் வினை வேகமாகும். ஆனால் வெங்காயத்தின் செல்சுவரைப் பிடித்து வைத்திருக்கும் பெக்டினையும் அது உடைத்துவிடும். நூல் நூலாக நிற்க வேண்டிய வெங்காயம் களியாகிவிடும், கொஞ்சம் கூடிவிட்டால் சோப்பு மாதிரி ஒரு வாடையும் வரும். பீன்ஸ் வேகும் தண்ணீரிலும் போடாதீர்கள். பச்சை பளிச்சென்று நிற்கும், ஆனால் காய் குழைந்துவிடும், சி வைட்டமினும் தயமினும் போய்விடும்.

மல்லேஸ்வரம்_மாமி · ஞாயிறு, காலை 8.40

நேற்று ராத்திரியே படித்துவிட்டேன், எழுதலாமா வேண்டாமா என்று இருந்தேன். நான் கும்பகோணம், கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்து 41 வருஷம் ஆகிறது. கோபித்துக்கொள்ளாதீர்கள், எனக்கு இந்த வெங்காயம் பீன்ஸுக்கு வேண்டாம் என்றுதான் படுகிறது.

நல்ல பீன்ஸுக்கே ஒரு தித்திப்பு உண்டு. நாட்டி பீன்ஸ் என்று இங்கே தனியாக வரும், எட்டாவது கிராஸில் காலையில் 8 மணிக்குள் போனால் கிடைக்கும். நார் இருக்கும், உரிக்கச் சோம்பல்பட்டுத்தான் எல்லோரும் நார் இல்லாத வழவழப்பு பீன்ஸை வாங்குகிறார்கள். ஒன்றை எடுத்து ஒடித்தால் டக்கென்று ஒடிய வேண்டும், ஒடிந்த இடத்தில் ஈரம் தெரிய வேண்டும். வளைந்தால் வைத்துவிட்டு வந்துவிடு. அந்த பீன்ஸைப் பொடியாக அரிந்து, கடுகு, உளுத்தம்பருப்பு, வரமிளகாய், பெருங்காயம், கடைசியில் ஒரு பிடி தேங்காய். அதற்கு மேல் எதற்கு? தித்திக்கிற வெங்காயத்தைக் கால் கிலோ மேலே கொட்டினால் காயின் ருசி எங்கே தெரியும்? ரசம் சாதத்துக்கு வெல்லம் தொட்டுக்கொண்ட மாதிரி இருக்கும்.

ஆனால் பச்சை நிறத்தைப் பற்றி அந்த வாத்தியார் சொன்னது சரிதான். என் மாமியார் பீன்ஸ் வேகும்போது மூடவே விடமாட்டார். காரணம் சொன்னதில்லை. மூடியைத் தூக்கிப் பரண் மேல் வைத்துவிடுவார்.

கோலார்_ரோடு · ஞாயிறு, காலை 10.05

வெங்காயத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே. ஹொசகோட்டே தாண்டி எங்களுக்குக் கொஞ்சம் நிலம் இருக்கிறது, வெங்காயமும் போடுவோம். எந்த வெங்காயம், எந்த மாதத்து வெங்காயம் என்பதைப் பொறுத்து உங்கள் 40 நிமிடம் 30ம் ஆகலாம், 55ம் ஆகலாம்.

கோடையில் வருவது பெரும்பாலும் மகாராஷ்டிரத்தில் ரபிப் பருவத்தில் (குளிர்காலத்தில் நட்டு) எடுத்து, காயவைத்துச் சேமித்த வெங்காயம். தோல் இரண்டு மூன்று அடுக்காகச் சரசரவென்று இருக்கும், கழுத்து இறுகியிருக்கும், உள்ளே தண்ணீர் குறைவு. சீக்கிரம் சிவக்கும். செப்டம்பர், அக்டோபரில் சித்ரதுர்கா, கதக் பக்கத்திலிருந்து யஷ்வந்த்பூர் மண்டிக்குப் புது வெங்காயம் லாரி லாரியாக இறங்கும். அது மழைக்காலப் பயிர். தோல் மெல்லிசு, கையில் ஈரம் தெரியும், கழுத்து தடிப்பு. பச்சடிக்கு அருமை. வதக்கினால் சட்டி முழுக்கத் தண்ணீர்தான். விலை மலிவாக இருக்கிறதே என்று அதை வாங்கி 20 நிமிடத்தில் சிவக்க வேண்டும் என்றால் எப்படி?

நம் பக்கத்து ரோஸ் ஆனியன் தனி. சிக்கபள்ளாப்பூர், கோலார், பெங்களூர் கிராமாந்தரம், இந்த மண்ணில் வருவது, 2015ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. சின்னதாக, தட்டையாக, கருஞ்சிவப்பாக இருக்கும். பெரும்பகுதி மலேசியா, சிங்கப்பூர் பக்கம் கப்பலேறிவிடும், உள்ளூரில் அவ்வளவாக யாரும் கேட்பதில்லை. காரம் அதிகம், உரிப்பதற்குள் கண் போய்விடும். ஆனால் வதக்கிப் பாருங்கள், காரம் பெரும்பாலும் அடங்கி அடியில் இருக்கும் தித்திப்பு எழுந்து நிற்கும். மாமி சொன்ன வெல்லம் தொட்ட மாதிரி இருக்காது, காரமும் சேர்ந்த தித்திப்பு அது. சின்ன வெங்காயத்திலும் செய்யலாம், ருசி இன்னும் ஆழமாக இருக்கும், உரிக்கப் பொறுமை இருப்பவர்களுக்கு.

பன்னேர்கட்டா_ரோடு · ஞாயிறு, மதியம் 2.30

செய்தேன்! முதலில் எல்லோருக்கும் நன்றி.

காலையில் கடைக்குப் போய் ஒவ்வொரு வெங்காயமாக எடுத்துக் கழுத்தை அமுக்கிப் பார்த்து 5 பொறுக்கினேன். 700 கிராம் வந்தது. நீளவாக்கில் அரிந்தேன். உப்புப் போட்டு மூடி வைத்த 10 நிமிடத்தில் வாணலி விளிம்பு வரை நின்ற வெங்காயம் பாதிக்குக் கீழே இறங்கிவிட்டது. அப்புறம் 15 நிமிடம் ஒன்றுமே நடக்காத மாதிரி இருந்தது, தீயைக் கூட்டலாமா என்று கை பரபரத்தது, கூட்டவில்லை. 24வது நிமிடம் மெஸ் அண்ணா சொன்ன அந்தச் சத்தம் மாறியது! கொதிக்கிற சத்தம் நின்று ஒரு சன்னமான சிடுசிடுப்பு. அடியில் பிடித்தது. தண்ணீர் தெளித்தேன், ஆவி குபுகுபுவென்று வந்தது, திருப்பியால் இழுத்தால் அந்தப் பழுப்பு முழுக்கக் கரைந்து வெங்காயத்தில் ஓடியது. நான்கு தடவை தெளித்தேன். மொத்தம் 43 நிமிடம். கடைசியில் ஒரு கைப்பிடியைவிடக் கொஞ்சம் அதிகமாக, பளபளவென்று, கருப்பட்டி நிறத்தில்.

பீன்ஸை 2 அங்குல நீளத்துக்கு வெட்டி, பெரிய பாத்திரத்தில் உப்புப் போட்ட கொதிநீரில் 5 நிமிடம், மூடி இல்லாமல். வடித்து அகலத் தட்டில் பரப்பிப் ஃபேன் காற்றில் வைத்தேன். நிறம் அப்படியே நின்றது. வெங்காயத்தோடு சேர்த்துப் பெரிய தீயில் 2 நிமிடம், மிளகு. சப்பாத்தியோடு என் மகள் மூன்று தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள், பீன்ஸ் என்றாலே ஓடுபவள்.

ஆனால் மாமி, ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும். மீதியை மதியம் ரசம் சாதத்தோடு வைத்தேன். நீங்கள் சொன்னது சரி. ரசத்தின் புளிப்புக்கும் இந்தத் தித்திப்புக்கும் ஒட்டவே இல்லை. எலுமிச்சை பிழிந்தால் சரியாகுமா என்று பிழிந்தேன், ருசி கொஞ்சம் தேறியது, 10 நிமிடத்தில் பீன்ஸ் நிறம் மங்க ஆரம்பித்தது.

சோதனைக்குழாய் · ஞாயிறு, மாலை 4.00

எலுமிச்சை அமிலம், காயும் சூடாக இருந்தது, அதனால்தான். தட்டில் போட்ட பிறகு, சாப்பிடும் நேரத்தில் பிழிந்துகொள்ளுங்கள். இரும்பு வாணலியிலேயே வைத்திருந்தீர்களா? செய்து முடித்ததும் வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள், புளிப்பும் இரும்பும் சேர்ந்தால் நிறம் இன்னும் கறுக்கும், இரும்பு வாடையும் ஏறும்.

வளைகுடா_திரும்பியவன் · ஞாயிறு, இரவு 8.15

தாமதமாக வந்து சேர்கிறேன், ஃபிரேசர் டவுனில் இருக்கிறேன், அதற்கு முன் 11 வருடம் தோஹா. மாமியின் கேள்வி ரொம்ப நியாயமானது: தித்திப்பான காய்க்கு மேல் தித்திப்பான வெங்காயம் எதற்கு? அதற்கு என்னிடம் ஒரு பதில் இருக்கிறது. தோஹாவில் என் அறைத்தோழன் லெபனான்காரன். அவன் ஊரில் ஹிந்த்பே என்று ஒரு தொடுகறி. டான்டிலயன் கீரை, நல்ல கசப்பு. அதைக் கொதிநீரில் போட்டு எடுத்து, இரண்டு கையாலும் ஒட்டப் பிழிந்து, ஆலிவ் எண்ணெயில் பூண்டோடு புரட்டி, மேலே நன்றாகச் சிவக்க வதக்கிய வெங்காயத்தைக் குவித்து வைப்பார்கள். பக்கத்தில் எலுமிச்சைத் துண்டு. ரொட்டியால் கிள்ளி எடுத்துச் சாப்பிட வேண்டும். கீரையின் கசப்பு, வெங்காயத்தின் தித்திப்பு, எலுமிச்சையின் புளிப்பு, மூன்றும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்கும். முதல் தடவை சாப்பிட்டபோது எனக்கு ஊர்ப் பாகற்காய்ப் புளிக்கறி ஞாபகம் வந்தது, அதிலும் இதே கணக்குதானே, கசப்புக்கு வெல்லமும் புளியும்.

இங்கே அந்தக் கீரை கிடைக்காது. நான் வெந்தயக்கீரையில் செய்கிறேன், மெந்த்ய சொப்பு எந்த மார்க்கெட்டிலும் கட்டுக் கட்டாகக் கிடைக்கும். தண்டை நீக்கி இலையை மட்டும் ஆய்ந்து, கொதிநீரில் 1 நிமிடம், உடனே பச்சைத் தண்ணீரில் போட்டு, பிழிந்து, சட்டியில் 2 நிமிடம். பிழிவதில் பாதிக் கசப்பு போய்விடும், மீதிப் பாதி வேண்டும், அதையும் எடுத்துவிடாதீர்கள். 4 கட்டுக் கீரை பிழிந்தால் ஒரு உருண்டைதான் வரும், அதற்கு 3 வெங்காயம் சரியாக இருக்கும்.

மல்லேஸ்வரம்_மாமி · ஞாயிறு, இரவு 9.30

இது சரி. இது எனக்குப் புரிகிறது. கசப்பு இருக்கும் இடத்தில் தித்திப்புக்கு வேலை இருக்கிறது. அப்படியானால் முள்ளங்கிக் கீரைக்கும் இது பொருந்தும், எல்லோரும் முள்ளங்கியை வாங்கிக்கொண்டு கீரையைக் கடையிலேயே ஒடித்துப் போட்டுவிட்டு வருகிறார்கள். கடுகுக் கீரைக்கும் ஒத்துப்போகும். சப்சிகே சொப்பு (சதகுப்பைக் கீரை) வேண்டாம், அதற்கு வாசனை அதிகம், வெங்காயத்தோடு சண்டை போடும்.

பிஜி_வாசி · ஞாயிறு, இரவு 10.10

ஒரு கேள்வி. தினமும் 40 நிமிடம் அடுப்பருகே நிற்க முடியாது, வேலை முடிந்து வருவதற்கே 9 மணி ஆகிவிடுகிறது. செய்து வைத்துக்கொள்ளலாமா?

அல்சூர்_மெஸ் · ஞாயிறு, இரவு 10.30

தாராளமாக. ஒரே நாளில் 2 கிலோ செய்துவிடு. சட்டி பெரிதாக இருக்க வேண்டும், நெருக்கிப் போட்டால் ஆவியில் வேகுமே தவிரச் சிவக்காது, நேரமும் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். ஆறியதும் மூடி போட்ட டப்பாவில் ஃபிரிட்ஜில் வைத்தால் 4 நாள் தாங்கும். ஐஸ் ட்ரேயில் போட்டு உறையவைத்தால் இன்னும் நாள் வரும், ஒரு ஆளுக்கு இரண்டு கட்டி எடுத்துச் சட்டியில் போட்டால் 2 நிமிடத்தில் இளகிவிடும். பீன்ஸை, கீரையை மட்டும் அன்றன்றைக்குச் செய். அவரைக்காய் சீசனில் உரித்த அவரைக்கொட்டையை வேகவைத்து இதில் புரட்டினால் அதுவே ஒரு வேளைச் சாப்பாடு தம்பி.

பன்னேர்கட்டா_ரோடு · புதன், இரவு 9.50

வெந்தயக்கீரையில் இன்று செய்தேன். 4 கட்டு வாங்கினேன், மகளும் நானும் உட்கார்ந்து ஆய்ந்தோம், பிழிந்தபோது உள்ளங்கை முழுக்கப் பச்சை. பிழிந்த உருண்டையை விரலால் உதிர்த்துவிட்டு 2 பல் பூண்டோடு புரட்டினேன், உதிர்க்காவிட்டால் கட்டியாகவே நிற்கிறது. வெங்காயம் ஞாயிற்றுக்கிழமை செய்ததில் எடுத்து வைத்தது. பரிமாறும்போதுதான் எலுமிச்சை. பீன்ஸைவிட எனக்கு இது பிடித்துவிட்டது. முதல் வாயில் கசப்பு வந்து, வருகிறது என்று நினைப்பதற்குள் வெங்காயம் வந்து அதை அணைத்துவிடுகிறது. ஒரு டப்பா அலுவலகத்துக்கும் எடுத்து வைத்திருக்கிறேன், அந்தத் தோழிக்கு.

மல்லேஸ்வரம்_மாமி · வியாழன், காலை 7.20

நானும் நேற்று ராத்திரி செய்தேன், ரோஸ் ஆனியன் தேடி வாங்கி. எங்கள் வீட்டுக்காரர் இரண்டு சப்பாத்திக்கு மேல் சாப்பிடுவதில்லை, நேற்று நான்கு. எலுமிச்சைக்குப் பதில் உப்பு நார்த்தங்காயைப் பொடியாக நறுக்கி மேலே தூவினேன், செய்து பார் பெண்ணே, உப்பைப் பாதியாகக் குறைத்துக்கொள். கட்டு இப்போது சின்னதாக வருகிறது, 4 போதாது, 6 வாங்கு.